துப்பறியும் கதைகளும் எங்கள் வெள்ளிக்கிழமை வகுப்பும்

(பத்தாம் வகுப்பு மாணவி ஒருத்தி எழுதியது)

“கதைப் புத்தகமா? பாடப் புத்தகத்தை எடு!” இந்தக் குரல் கேட்காத வீடு நம் தேவாரத்தில் உண்டோ? அதுவும் துப்பறியும் கதை என்று தெரிந்துவிட்டால் கேட்கவே வேண்டாம். “பொம்பளப் பிள்ளைக்குக் கொலைக் கதை எதுக்கு?” என்று பாட்டியும் சேர்ந்துகொள்வார். ஆனால் இந்த ஆண்டு எங்களுக்கு ஒரு நற்பேறு வாய்த்தது. வெள்ளிக்கிழமை கடைசிப் பாடவேளையில் நடக்கும் வாசிப்பு வகுப்புக்கு, எங்கள் ஆங்கில ஆசிரியையான அருட்சகோதரி துப்பறியும் கதைகளையே எடுத்துக்கொண்டார். தமிழ்ப் புத்தகத்தை நாங்கள் மாறி மாறிப் படித்தோம். ஆங்கிலப் புத்தகங்களைச் சிஸ்டர் தமிழில் சொன்னார். ஒரே ஒரு நிபந்தனை: கதை முடிந்ததும் ஒவ்வொருத்தியும் தன் கருத்தைச் சொல்லவேண்டும். “நல்லா இருந்தது சிஸ்டர்” என்பது கருத்தாகாது, காரணம் வேண்டும். அவற்றைக் குறித்துவைக்கும் வேலை எனக்குக் கிடைத்தது. நான் வகுப்போடு நில்லாமல் வீட்டிலும் தெருவிலும் கேட்டுக் குறித்தேன். அந்த நோட்டிலிருந்து பிறந்ததே இக்கட்டுரை.

தமிழுக்குத் துப்பறியும் கதை புதிதன்று. பண்டித நடேச சாஸ்திரியார் தானவன் என்னும் போலீஸ் நிபுணனின் கதைகளை 1894-ஆம் ஆண்டிலேயே வெளியிட்டார். அவருக்குப்பின் ஆரணி குப்புசாமி முதலியாரும் வடுவூர் துரைசாமி ஐயங்காரும் ஏராளமாக எழுதினார்கள். வடுவூராரின் ‘திகம்பர சாமியார்’ 1950-இல் திரைப்படமாகவும் வந்தது. அதில் சாமியாராக நடித்தவர் எம்.என். நம்பியார். என் தாத்தாவைக் கேட்டால், தமிழ்வாணனின் சங்கர்லாலைத் தவிர வேறு எந்தத் துப்பறிவாளரையும் ஒப்புக்கொள்ள மாட்டார். “சங்கர்லாலுக்கு டீ உள்ளே போனால்தான் மூளை வேலை செய்யும். எனக்கும் அப்படித்தான்” என்று சொல்லி, அம்மாவிடம் இன்னொரு தம்ளர் வாங்கிவிடுவார். பிறகு சுஜாதாவின் கணேஷ் – வசந்த், கோவை ராஜேஷ்குமாரின் விவேக் – ரூபலா என்று வரிசை நீளும். பஸ் நிலையக் கடைகளில் மாத நாவல்கள் கயிற்றில் தொங்கிய காலத்தில், போடிக்குப் போகும்போதெல்லாம் ஒன்று வாங்கியதாக அப்பா ஒப்புக்கொண்டார். (பாடப் புத்தகத்தை எடு என்பவரும் அவரே!)

ஆனால் சிஸ்டர் தேர்ந்தெடுத்தவை இரத்தம் சொட்டும் கதைகள் அல்ல. ஆங்கிலத்தில் ‘கோஸி மிஸ்டரி’ என்று ஒரு வகை இருக்கிறதாம். மார்கழிக் குளிரில் மலைக்காற்று இறங்கும்போது போர்வைக்குள் சுருண்டுகொள்கிறோமே, அந்தச் சுகத்துக்குத்தான் ‘கோஸி’ என்று பெயர். கதை ஒரு சிற்றூரில் நடக்கும். எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும். கொலை நடந்தாலும் அதன் கோரத்தை எழுத்தாளர் காட்ட மாட்டார். துப்பறிகிறவரும் போலீஸ்காரராக இருக்க மாட்டார். வேறு தொழில் செய்து பிழைக்கும் சாதாரண ஆளாக இருப்பார்.

தமிழில் இதற்கு மிக நெருங்கியவர் யார் என்று தேடினால், நேராக ‘துப்பறியும் சாம்பு’விடம் போய் நிற்போம். எழுதியவர் தேவன். இயற்பெயர் மகாதேவன், 1913-இல் திருவிடைமருதூரில் பிறந்தவர், ஆனந்த விகடனில் பல்லாண்டு பணிபுரிந்து 1957-இல் காலமானார். 1940-களில் விகடனில் சாம்புவின் கதைகள் வரத் தொடங்கின. பின்னாளில் கோபுலுவின் கைவண்ணத்தில் சாம்பு படக்கதையாகவும் வந்தார். சாம்பு ஒரு பாங்கு குமாஸ்தா. பார்த்தால் அசடு, பழகினாலும் அசடுதான். அவர் ஏதாவது உளறுவார், அல்லது தவறான இடத்தில் தவறான நேரத்தில் போய் நிற்பார். அது எப்படியோ திருடன் அகப்படுவதில் போய் முடியும். உடனே இன்ஸ்பெக்டர் கோபாலன் முதல் ஊரே “என்ன மூளை!” என்று வியக்கும். உண்மை தெரிந்தவர்கள் தேவனும் நாமும் மட்டும்தான்.

இவரைப் பற்றி எங்கள் வகுப்பு இரண்டாகப் பிளந்தது. “இது அநியாயம் சிஸ்டர்! பொதுத் தேர்வில் தெரியாத கேள்விக்கு எதையோ எழுதிவைத்து ஐந்து மதிப்பெண் வாங்குவதுபோல இருக்கிறது” என்றாள் எங்கள் வகுப்பின் முதல் மாணவி. (அவளுக்குத் தெரியாத கேள்வி என்று ஒன்று இருப்பதே எங்களுக்கு அன்றுதான் தெரிந்தது.) கடைசி வரிசைத் தோழியரோ, தங்களுக்காகவே எழுதப்பட்ட கதை இது என்று கொண்டாடினார்கள்.

அப்போது சிஸ்டர் ஒரு சுவையான செய்தியைச் சொன்னார். இங்கிலாந்தில் ரொனால்ட் நாக்ஸ் என்றொரு கத்தோலிக்கக் குரு இருந்தார். விவிலியம் முழுவதையும் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்த அறிஞர். அவரே துப்பறியும் கதைகளும் எழுதினார்! 1929-இல் அவர் துப்பறியும் கதைகளுக்குப் பத்துக் கட்டளைகளை வகுத்தார். குற்றவாளி கதையின் தொடக்கத்திலேயே தலைகாட்டிவிட வேண்டும். பேய் பிசாசின் வேலை என்று முடிக்கக் கூடாது. துப்பறிவாளர் கண்ட தடயத்தை வாசகரிடம் மறைக்கக் கூடாது என்றெல்லாம் அவற்றில் உண்டு. அவற்றுள் ஒன்று, எதிர்பாராத அதிர்ஷ்டம் துப்பறிவாளருக்கு உதவவே கூடாது என்பது. அப்படியானால் நம் சாம்பு ஒவ்வொரு கதையிலும் அந்தக் கட்டளையை மீறுகிறார்! நாக்ஸ் அடிகளாரும் தேவனும் ஒரே ஆண்டில், 1957-இல், மறைந்தவர்கள். அடிகளாருக்குத் தமிழ் தெரிந்து சாம்புவைப் படித்திருந்தால் என்ன சொல்லியிருப்பார் என்று எங்களுக்குள் பெரிய விவாதமே நடந்தது.

என் கருத்தைக் கேட்டால், சாம்பு ஏமாற்றுக்காரர் அல்லர். மற்றக் கதைகளில் துப்பறிவாளருக்கு எல்லாம் தெரியும். வாசகருக்கு ஒன்றும் தெரியாது. இங்கே வாசகருக்குத் தெரிகிறது, துப்பறிவாளருக்குத்தான் தெரியவில்லை. விளையாட்டின் விதியைத் தேவன் முதலிலேயே நமக்குச் சொல்லிவிடுகிறார். பிறகு நாம் எப்படிக் குறை சொல்வது?

அடுத்து வந்தவர் ஓர் அமெரிக்க ரொட்டிக்கடைக்காரி. ஜோயன் ஃப்ளூக் என்பவர் எழுதும் தொடர் இது. முதல் புத்தகம் ‘சாக்லேட் சிப் குக்கி மர்டர்’ 2000-ஆம் ஆண்டில் வந்தது. அதன்பின் இருபத்தைந்துக்கும் மேல் வந்துவிட்டன. ஒவ்வொன்றின் தலைப்பிலும் ஒரு தின்பண்டமும் ஒரு கொலையும் உண்டு. மின்னசோட்டா மாநிலத்தில் லேக் ஈடன் என்ற கற்பனைச் சிற்றூர். அங்கே ஹன்னா ஸ்வென்சன் என்ற பெண் ‘குக்கி ஜார்’ என்று ஒரு கடை வைத்திருக்கிறாள். ஒருநாள் காலை, கடையின் பின்புறச் சந்தில் பால் வண்டிக்காரர் இறந்துகிடக்கிறார். சுற்றிலும் அவள் சுட்ட பிஸ்கட்டுகள் சிதறிக் கிடக்கின்றன. அவள் தங்கையின் கணவர் காவல்துறையில் இருக்கிறார். “போலீஸ்காரன் என்றால் யாரும் வாய் திறக்க மாட்டார்கள், உன் கடையில் எல்லாரும் பேசுவார்களே” என்று அவளிடம் உதவி கேட்கிறார். காப்பியும் பிஸ்கட்டும் கொடுத்தபடியே அவள் ஊர்ப் பேச்சைக் காதில் வாங்கிக்கொள்கிறாள்.

கதைக்கு நடுநடுவே பிஸ்கட் செய்முறையும் அச்சிட்டிருக்கிறார்கள். இதைப் பற்றித்தான் எத்தனை கருத்து! “கொலைகாரன் யார் என்று மனம் பதைக்கும்போது அரைக் கோப்பை வெண்ணெய் எடு என்றால் எப்படி?” என்று சிலர் கோபித்தார்கள். ஒரு தோழி செய்தே பார்த்துவிட்டாள். ஓவன் இல்லாததால் குக்கரில் மணல் பரப்பிச் சுட்டாளாம். அவள் கொண்டுவந்ததைக் கடித்துப் பார்த்த பிறகு, அதையே கொலைக் கருவியாக வைத்து ஒரு கதை எழுதலாம் என்று வகுப்பு முடிவு செய்தது.

ஹன்னாவுக்கு எப்போது கல்யாணம் என்று அவள் தாயார் புத்தகத்துக்குப் புத்தகம் கவலைப்படுகிறார். இதைக் கேட்டதும் என் அம்மா, “அந்த ஊரிலேயும் அப்படித்தானா?” என்று சிரித்தார். பிறகு அவர் கேட்ட கேள்விதான் எங்கள் வகுப்பில் ஒருவருக்கும் தோன்றாதது: “அவள் ஊர் சுற்றித் துப்பறிகிற நேரத்தில் கடையை யார் பார்க்கிறார்கள்?” லீசா என்று ஓர் உதவிப் பெண் இருக்கிறாள் என்றேன். “அப்படியானால் அந்தப் பெண்ணுக்குத்தான் சம்பளத்தைக் கூட்டிக் கொடுக்கவேண்டும்” என்று அம்மா தீர்ப்பளித்தார்.

ரொட்டிக்கடைக்காரி கதையை ரொட்டிக்கடைக்காரரிடம் சொல்லாமல் இருக்கலாமா? நாங்கள் பன்னும் ரஸ்க்கும் வாங்கும் பேக்கரி அண்ணனிடம் சொன்னேன். அவர் தட்டைத் துடைத்துக்கொண்டே கேட்டார். “விடியக்காலம் நாலு மணிக்கு எழுந்திரிச்சு மாவு பிசையிறவனுக்குத் துப்பறிய ஏது பாப்பா நேரம்?” என்றார் முதலில். கொஞ்ச நேரம் கழித்து, “ஆனா அந்தப் பொண்ணு சொல்றது நிசம்தான். யார் வீட்டுக்கு விருந்தாளி வந்திருக்காங்க, யாருக்குச் சர்க்கரை வியாதி வந்திருக்கு, யார் வீட்டில கடன் சொல்லி வாங்குறாங்க – எல்லாம் எனக்குத் தெரியும். வெளியே சொல்ல மாட்டேன். சொன்னா, மறுநாள் அவங்க எப்படி என் கடைக்கு வருவாங்க?” என்றார்.

இந்தக் கருத்தை வெறும் வேடிக்கை என்றுதான் குறித்துக்கொண்டேன். அடுத்த வெள்ளிக்கிழமைதான் அதன் பொருள் விளங்கியது.

அன்று ஹன்னாவின் முதல் கதை முடிந்தது. குற்றவாளி பிடிபட்டதும் எல்லாரும் கைதட்டினோம். கருத்துச் சொல்லும் வரிசையில் எப்போதும் ஒரே வாக்கியத்தில் முடித்துக்கொள்ளும் ஒரு தோழி எழுந்தாள். “சிஸ்டர், குற்றவாளி ஒருத்தர்தான். ஆனால் கதையில் ஐந்தாறு பேரைச் சந்தேகப்பட்டார்களே, அவர்கள் எல்லாம் பிறகு எங்கே போவார்கள்?” என்று கேட்டாள். வகுப்பு சிரித்தது. மூன்று பேர் மட்டும் சிரிக்கவில்லை. அவர்களில் நானும் ஒருத்தி.

காரணத்தைச் சொல்லத்தான் வேண்டும். சென்ற ஆண்டு நாங்கள் ஒன்பதாம் வகுப்பில் இருந்தபோது, வைகை அணைச் சுற்றுலாவுக்காக ஒரு மாணவி கொண்டுவந்த இருநூறு ரூபாயைக் காணவில்லை. ஆசிரியரிடம் சொல்வதற்கு முன் நாமே கண்டுபிடிப்போம் என்று நாங்கள் மூவர் துப்பறியப் புறப்பட்டோம். பெஞ்சின் அடியில் ஒரு தடயம் அகப்பட்டது: காய்ந்த ஏலக்காய்த் தோலும் காம்பும். எங்கள் வகுப்பில் ஒருத்தியின் தாயார் போடியில் ஏலக்காய் தரம் பிரிக்கும் வேலைக்குப் போகிறார். அவளுடைய பையிலும் உடையிலும் எப்போதும் அந்த மணம் இருக்கும். போதாதா எங்களுக்கு? இடைவேளையில் எங்கே இருந்தாய், யாரோடு இருந்தாய் என்று கேட்டோம். கடைசியில் பையைத் திறந்து காட்டச் சொன்னோம். அவள் மறுக்கவில்லை. சாப்பாட்டுப் பாத்திரம், ஜாமெட்ரி பெட்டி, நோட்டுகள் என்று ஒவ்வொன்றாக எடுத்து மேஜைமேல் வைத்தாள். வகுப்பே பார்த்துக்கொண்டிருந்தது. பணம் இல்லை.

நான்கு நாள் கழித்து, பணத்தைத் தொலைத்தவளின் கணக்கு நோட்டு அட்டை கிழிந்தபோது, பழுப்புத் தாளுக்குள்ளிருந்து இரண்டு நூறு ரூபாய்த் தாள்கள் விழுந்தன. பத்திரமாக இருக்கட்டும் என்று அவளே செருகிவைத்து மறந்திருக்கிறாள்.

இப்போது நினைத்தால் எங்கள் மூளையை என்ன சொல்வது! விடியற்காலையில் ஜீப் ஜீப்பாக ஏலத்தோட்ட வேலைக்கு ஆட்கள் மலையேறும் ஊர் இது. பாதி வீடுகளில் பாயசத்திலும் டீயிலும் சட்டைப் பையிலும் ஏலக்காய் இருக்கிறது. என் தாத்தா உணவுக்குப்பின் ஒன்று மெல்லாமல் எழ மாட்டார். இங்கே ஏலக்காய்த் தோல் எப்படித் தடயமாகும்? அது என் பையிலிருந்தே விழுந்திருக்கலாம். நாங்கள் மூவரும் அவளிடம் மன்னிப்புக் கேட்டோம். “பரவாயில்லை” என்றாள். ஆனால் அதற்குமுன் மதியம் எங்களோடு வேப்பமரத்தடியில் சாப்பிட்டவள், அதன்பின் வகுப்பறையிலேயே சாப்பிட்டாள். அந்தக் கேள்வியைக் கேட்டவள் அவள்தான். (இதை எழுதலாமா என்று அவளிடமே கேட்டேன். “எழுது, பெயர் போடாதே” என்றாள்.)

சிஸ்டர் அன்று உடனே பதில் சொல்லவில்லை. அடுத்த வாரம் அகதா கிறிஸ்டி 1958-இல் எழுதிய ‘ஆர்டீல் பை இன்னொசென்ஸ்’ என்ற நாவலைக் கொண்டுவந்தார். அதில் வளர்ப்புத் தாயைக் கொன்றதாக ஓர் இளைஞன் தண்டிக்கப்பட்டுச் சிறையிலேயே இறந்துவிடுகிறான். பின்னர் ஒருவர் தென்துருவப் பயணத்திலிருந்து திரும்பிவந்து, அவன் குற்றமற்றவன் என்பதற்கு நானே சாட்சி என்கிறார். குடும்பத்தார் மகிழ்வார்கள் என்று எதிர்பார்க்கிறார், ஒருவரும் மகிழவில்லை. அவன் இல்லையென்றால் கொன்றது அந்த வீட்டில் இருக்கும் இன்னொருவர் அல்லவா? கணவர், பிள்ளைகள், வேலைக்காரி எல்லாரும் ஒருவரை ஒருவர் பார்க்கத் தொடங்குகிறார்கள். ஒருவர் குற்றம் செய்ய, மற்ற அத்தனை பேரும் சந்தேகத்தைச் சுமக்கிறார்கள். இந்தக் கதையில் பிரபலமான போய்ரோவும் இல்லை, மார்ப்பிள் அம்மையாரும் இல்லை. ‘கோஸி’ கதையும் அன்று. கேட்டபிறகு போர்வை போதவில்லை. ஆனால் நாங்கள் கேட்ட கதைகளில் இதற்குத்தான் நோட்டில் அதிகப் பக்கங்கள் பிடித்தன.

செஸ்டர்டன் படைத்த பிரவுன் அடிகளாரையும் நாங்கள் கேட்டோம். குட்டையான, வட்ட முகமுள்ள, குடையைக் கீழே கீழே போடும் ஒரு குரு. 1910-இல் வந்த முதல் கதையான ‘நீலச் சிலுவை’யில், லண்டனில் நடக்கும் நற்கருணை மாநாட்டுக்கு அவர் ஒரு விலையுயர்ந்த சிலுவையைக் கொண்டுபோகிறார். குரு வேடத்தில் ஃப்ளாம்போ என்னும் பெரிய திருடன் கூடவே வருகிறான். அடிகளார் அவனுடைய காப்பியில் உப்புக் கலக்கும்படி செய்கிறார். அவன் ஒன்றும் சொல்லாமல் விழுங்குகிறான். மடியில் கனமில்லாதவன் “ஐயோ, உப்பு!” என்று கத்தியிருப்பான் அல்லவா? ஒப்புரவில் பாவங்களைக் கேட்டுக் கேட்டே அவருக்குத் திருடர்களின் தந்திரம் எல்லாம் தெரிந்திருக்கிறது. செஸ்டர்டனின் நண்பரான ஜான் ஓ’கானர் என்ற குருவே இவருக்கு முன்மாதிரி. கதைகள் எழுதத் தொடங்கிப் பல ஆண்டுகளுக்குப் பிறகுதான், 1922-இல், செஸ்டர்டன் கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தார். எங்களுக்கு மிகவும் பிடித்தது, பிற்பாடு ஃப்ளாம்போ மனம் மாறி அடிகளாரின் உற்ற நண்பனாகிவிடுவது. மற்றக் கதைகளில் சந்தேகப்பட்டவர்கள்கூடக் காணாமற்போகிறார்கள். இங்கே குற்றவாளியே கதையை விட்டுப் போகவில்லை.

சாம்பு கதையிலும் ஹன்னா கதையிலும் ஒரு வசதி உண்டு. தொடர்கதை ஆதலால் அடுத்த கதையிலும் அதே ஆட்களோடுதான் வாழவேண்டும். சென்னையிலோ லண்டனிலோ துப்பறிகிறவர், தவறாகச் சந்தேகப்பட்டவரை மறுபடி பார்க்காமலே இருந்துவிடலாம். சிற்றூரில் முடியாது. தேவாரத்தில் காலையில் ஒருவர்மேல் சந்தேகப்பட்டால், மாலைக்குள் சந்தையிலோ கோவில் வாசலிலோ பஸ்ஸிலோ அவர் எதிரே வந்து நிற்பார். பேக்கரி அண்ணன் சொன்னதும் இதைத்தான்.

இதை வகுப்பில் நான் சொன்னபோது அந்தத் தோழி மறுபடி எழுந்தாள். “அப்படியானால் ஹன்னா சந்தேகப்பட்ட ஆட்கள் இரண்டாம் புத்தகத்தில் அவள் கடைக்கு வருகிறார்களா? வந்தால் பேசுகிறார்களா, பிஸ்கட்டை வாங்கிக்கொண்டு பேசாமல் போகிறார்களா?” என்று கேட்டாள். சிஸ்டர், “இரண்டாம் புத்தகத்தைப் படித்தால்தான் சொல்லமுடியும்” என்றார். அது 2001-இல் வந்த ‘ஸ்ட்ராபெரி ஷார்ட்கேக் மர்டர்’. நம் நூலகத்தில் இல்லை. தருவிக்கும்படி எழுதிக் கொடுத்திருக்கிறோம்.

அது வரும்வரை, நூலகத்திலிருந்து சாம்புவை அவள் எடுத்துவைத்திருக்கிறாள். சென்ற வெள்ளிக்கிழமை மதியம் அந்தப் புத்தகத்தோடு வேப்பமரத்தடிக்கு வந்தாள். யாரும் ஒன்றும் கேட்கவில்லை. நகர்ந்து இடம் விட்டோம். சாப்பிட்டு முடித்ததும் சத்தமாகப் படிக்கத் தொடங்கினாள். இன்ஸ்பெக்டர் கோபாலன் குரலையும் சாம்பு குரலையும் அவள் மாற்றி மாற்றிப் பேசியதில், பக்கத்து மரத்தடியிலிருந்த எட்டாம் வகுப்புப் பிள்ளைகளும் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். திருடன் இன்னும் அகப்படவில்லை. அதற்குள் மணி அடித்துவிட்டது. மீதியைத் திங்கட்கிழமை படிப்பதாகச் சொல்லியிருக்கிறாள்.